‘பிரதான வீதியில்’ என்றால் பிரதான வீதியில்தான்

 

கொஞ்சம் நீளமான பதிவு. இரண்டு கிழமையாக ஊர் வட்ஸ்அப் குழுக்களில் ஓடித் திரியும் குரல் பதிவுகளை எல்லாம் கேட்டு முடித்துவிட்டுத்தான் எழுதுகிறோம். ‘நாங்கள்’ என்றால் ஒரே பாடசாலையில் படிப்பிக்கும் ஆறு பேர். ஆறு பேரும் இந்த ஊரில் பிறந்தவர்கள், எங்கள் பிள்ளைகளும் இதே பாடசாலையில்தான் படிக்கிறார்கள். எழுதியது ஒருவர், வாசித்துத் திருத்தியது மற்ற ஐவர். ஆகவே ஏசுவதென்றால் ஆறு பேரையும் சேர்த்தே ஏசுங்கள், ஒருவரைத் தனியே பிடிக்க வேண்டாம்.

விசயம் பெற்றோல் செட். வழக்கு நடப்பதால் கம்பனியின் பெயரையோ அலுவலகங்களின் பெயரையோ எழுதவில்லை. விநியோகஸ்தர் உரிமை கிடைத்தவரை ‘ஹாஜியார்’ என்றும், அதை எதிர்த்துப் புதுக்கடைக்குப் போனவரை ‘காக்கா’ என்றும் குறிப்பிடுகிறோம். இரண்டு பேருக்கும் ஊரில் மரியாதை உண்டு, எங்களுக்கும் இரண்டு பேரும் சொந்தம்தான்.

முதலில், எங்கள் மேல் வைக்கப்படும் முதல் குற்றச்சாட்டு. “வாத்திமார் செட் வேணாம் எண்டு நிக்கிறாங்க.” யார் சொன்னது? 2022ஐ மறந்துவிட்டோமா? அந்த வருடம் ஜூன் கடைசியில் ஒக்டேன் 92 பெற்றோல் லீற்றர் 470 ரூபாய் ஆனது. காசு இருந்தவருக்கும் எண்ணெய் இருக்கவில்லை. பதினொரு கிலோமீற்றருக்கு அப்பால் உள்ள செட்டில் இரவு பத்து மணிக்கு மோட்டார் சைக்கிளை நிறுத்திவிட்டு, அடுத்த நாள் ளுஹர் வரைக்கும் நின்றவர்கள் நாங்கள். கியூஆர் கோட் வந்த பிறகுதான் மூச்சு வந்தது. வெட்டு மெசினுக்கு டீசல் இல்லாமல் விளைந்த வயலைப் பார்த்துக்கொண்டு வரம்பில் குந்தியிருந்தவர்களையும், மண்ணெண்ணெய் இல்லாமல் வள்ளத்தைக் கரையில் கவிழ்த்து வைத்தவர்களையும் நாங்கள் மறக்கவில்லை. இந்த ஊருக்கு ஒரு செட் கட்டாயம் வேண்டும். இன்றைக்கு வந்தாலும் சந்தோசம். எங்கே வரும் என்பதுதான் கேள்வி.

விளம்பரத்தில் என்ன இருந்தது? அந்தப் பத்திரிகைத் துண்டை எங்களில் ஒருவர் இன்னமும் வைத்திருக்கிறார். சந்திக்கும் பாலத்துக்கும் இடையில், பிரதான வீதியில் முகப்புடைய காணி விண்ணப்பதாரிக்கு இருக்க வேண்டும். இவ்வளவுதான். ‘முகப்புடைய’ என்ற சொல்லை நன்றாகக் கவனியுங்கள், பின்னால் அதற்கு வருகிறோம்.

காக்காவின் காணி பாலத்துக்குக் கிட்ட, வயல் தொடங்கும் இடத்தில் இருக்கிறது. முகப்பு முழுக்கப் பிரதான வீதி. ஹாஜியாரின் காணி எங்கே என்று ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பாடசாலை ஒழுங்கைக்குள், மூன்று கடைகளுக்குப் பின்னால், எங்கள் பாடசாலை மதிலோடு ஒட்டி. பிரதான வீதிக்கும் அந்தக் காணிக்கும் இடையில் வேறு ஆட்களுடைய கடைகள் நிற்கின்றன. பிறகு எப்படி அந்தக் காணிக்கு முகப்பு வந்தது?

தகவலறியும் உரிமைச் சட்டம் என்று ஒன்று இருக்கிறது. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம். ஒரு தாளில் எழுதிக் கொடுத்தால், தருவதா இல்லையா என்ற முடிவை 14 வேலை நாளுக்குள் தகவல் அலுவலர் சொல்ல வேண்டும். சட்டத்தரணியும் தேவையில்லை, ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் சொல்லவும் தேவையில்லை. அப்படி எழுதிக் கொடுத்துத்தான் நில அளவைப் படத்தின் பிரதியையும், அதோடு போன கடிதத்தின் பிரதியையும் எடுத்தோம். படத்தை மேசையில் விரித்து வைத்து அரை மணித்தியாலம் பார்த்தோம். காணியின் எல்லைக் கோடு ஒழுங்கைக்குள் வளைந்து, ஒழுங்கையின் வாயை முழுதாகச் சேர்த்துக்கொண்டு பிரதான வீதியில் போய் முட்டுகிறது. அதாவது ஹாஜியாரின் காணிக்குப் ‘பிரதான வீதி முகப்பு’ என்று காட்டப்பட்டிருப்பது, காலை ஏழு மணிக்கு நம் பிள்ளைகள் உள்ளே வரும் அதே ஒழுங்கை வாசல். பொது ஒழுங்கை. யாருடைய உறுதியிலும் இல்லாத நிலம்.

இனி அந்தக் கடிதம். காணி “பிரதான வீதிக்கு அருகாமையில் அமைந்துள்ளது” என்று எழுதியிருக்கிறார்கள். விளம்பரம் கேட்டது முகப்பு. கடிதம் சொல்வது அருகாமை. எங்களில் இரண்டு பேர் தமிழ் படிப்பிக்கிறவர்கள். ஐந்தாம் ஆண்டுப் பிள்ளை புலமைப்பரிசில் பயிற்சித் தாளில் இந்த இரண்டு சொல்லையும் ஒன்றென்று எழுதினால் பிழை போடுவோம். இங்கே ஒரு அலுவலகம் எழுத, இன்னொரு அலுவலகம் அதை வாசித்து, மூன்றாவது அலுவலகம் கையெழுத்துப் போட்டு, யாருடைய கண்ணிலும் அந்தச் சொல் குத்தவில்லை. குத்தவில்லையா, குத்தினதைத் துடைத்துவிட்டுப் போனார்களா என்பதை நீதிமன்றம் பார்க்கட்டும்.

“சரி, ஐம்பது மீற்றர் அங்கால இங்கால. இதுக்கு ஒரு வழக்கா?” என்று ஒரு தம்பி குரல் பதிவில் கேட்டிருந்தார். தம்பி, இதற்குப் பதிலாக ஒரு கதை சொல்கிறோம். இந்தப் பதிவையே எழுத வைத்தது இதுதான்.

பாடசாலை ஒழுங்கையில் இன்னொருவருக்கும் காணி இருக்கிறது. ஆட்டோ ஓடுகிறவர், எங்கள் வகுப்புப் பிள்ளை ஒன்றின் வாப்பா. வெளிநாட்டில் பதினான்கு வருடம் உழைத்த காசில் வாங்கிய 45 பேர்ச்சஸ். விளம்பரம் வந்த அன்று பின்னேரம் பத்திரிகையோடு எங்களிடம் வந்தார். “சேர், எனக்கு இங்கிலீசு போம் நிரப்பத் தெரியாது, நிரப்பித் தாங்க. மச்சினன்மார் மூன்று பேரும் காசு போடுறதெண்டு சொல்லிட்டாங்க” என்றார். நாங்கள் விளம்பரத்தை வாசித்தோம். வாசித்துவிட்டு, “உங்கட காணி ஒழுங்கைக்குள்ள கிடக்கு, பிரதான வீதியில முகப்புக் கேட்டிருக்கான். போட்டா விண்ணப்பக் காசும் போகும், வீண் அலைச்சலும். விடுங்க” என்று சொல்லி அனுப்பினோம். அவர் பத்திரிகையை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு போனார்.

அதே ஒழுங்கைக்குள் இருக்கும் காணிக்குத்தான் இப்போது உரிமை கொடுத்திருக்கிறார்கள். அவருடைய காணி பிரதான வீதிக்கு இன்னும் கிட்ட. போன மாதம் பாடசாலை வாசலில் பிள்ளையை ஏற்ற வந்தவர் எங்களைக் கண்டு சிரித்துவிட்டு, “சேர், நீங்க சட்டம் தெரிஞ்ச ஆக்கள்” என்று மட்டும் சொன்னார். அதற்கு என்ன பதில் சொல்வது? நாங்கள் சொன்னது சரி. விளம்பரத்தில் எழுதியிருந்ததை நம்பியதுதான் எங்கள் பிழை.

இதைத்தான் ஊர் விளங்கிக்கொள்ள மாட்டேன் என்கிறது. இடத்தைப் பிறகு மாற்றினால் நட்டப்படுவது போட்டியில் தோற்றவர் மட்டுமில்லை. விளம்பரத்தை நேர்மையாக வாசித்து, ‘நமக்குத் தகுதியில்லை’ என்று வீட்டில் இருந்தவர்கள் எல்லோரும் நட்டப்படுகிறார்கள். அவர்கள் எத்தனை பேரென்று எந்தக் கோவையிலும் இருக்காது. அவர்களுக்காக வழக்காடவும் யாரும் இல்லை. ஒழுங்கைக்குள்ளும் பரவாயில்லை என்றால் அதை முதலிலேயே எழுதியிருக்க வேண்டும், எல்லோரும் போட்டிருப்பார்கள். கேள்வி பத்திரத்தில் ஒன்று, விடை திருத்தும்போது வேறொன்று என்றால் அந்தப் பரீட்சையை நாங்கள் நடத்தவே மாட்டோம்.

இரண்டாவது குற்றச்சாட்டு: “காக்கா கோட்டுக்குப் போக முதல் பள்ளியில் வந்து பேசியிருக்கலாம். நம்மட ஆக்களுக்குள்ள முடிக்கிற விசயம்.” இதைச் சொல்பவர்களில் வயது மூத்தவர்களும் இருக்கிறார்கள். மரியாதையோடு பதில் சொல்கிறோம்.

இப்படியான முடிவுகளை எதிர்த்து மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் போடும் மனுவை ரிட் மனு என்பார்கள். அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரை அந்த அதிகாரத்தைக் கொடுக்கிறது. அங்கே நீதிபதிகள் ‘யாருடைய காணி நல்ல காணி’ என்று பார்ப்பதில்லை. முடிவு எடுத்தவருக்கு அந்த அதிகாரம் இருந்ததா, சொன்ன ஒழுங்கைப் பின்பற்றினாரா, பார்க்கக் கூடாததைப் பார்த்து முடிவெடுத்தாரா என்பதைத்தான் பார்ப்பார்கள். அங்கே காலதாமதம் பெரிய குற்றம். ஆறு மாதம், ஒரு வருடம் என்று சும்மா இருந்துவிட்டுப் போனால், ‘இவ்வளவு நாளும் எங்கே இருந்தீர்’ என்ற கேள்வியிலேயே மனு விழுந்துவிடலாம். அடிப்படை உரிமை மனு என்றால் இன்னும் இறுக்கம். 126ஆம் உறுப்புரையின்படி ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். பள்ளியில் பேசி, பெரியவர்கள் கூடி, ஒருவர் உம்ராவால் வரும் வரை பார்த்திருந்து, பெருநாளும் கழியட்டும் என்று தள்ளினால் கதவு பூட்டிவிடும். பூட்டிய பிறகு “கோட்டுக்குப் போங்களேன்” என்று சொல்பவர்களும் இதே ஆட்கள்தான். மன்னிக்கவும், கசப்பாக வந்துவிட்டது.

அதைவிடப் பெரிய விசயம் ஒன்று. இரண்டு பேருக்கிடையில் கொடுக்கல் வாங்கல் பிரச்சினை என்றால் பள்ளி நிருவாகம் தீர்க்கலாம். நிறையத் தீர்த்தும் இருக்கிறார்கள், நாங்களே சாட்சி. இது அப்படியானதா? நாளைக்கு ஹாஜியார் காக்காவுக்கு ஒரு தொகை கொடுத்து, காக்கா மனுவை வாபஸ் வாங்கினால் இரண்டு பேரும் கைகொடுத்துக்கொள்வார்கள். ஒழுங்கை வாசல் யாருக்குப் போகும்? அதை விற்கவோ விட்டுக்கொடுக்கவோ இரண்டு பேருக்கும் உரிமையில்லை. அது பொது அமானிதம்.

நாட்டின் நீதிமன்றமும் கிட்டத்தட்ட அதைத்தான் சொல்லியிருக்கிறது. எப்பாவல பொசுபேற்று வழக்கில் 2000ஆம் ஆண்டு உயர் நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு, பொது வளத்துக்கு அரசாங்கம் சொந்தக்காரன் போல நடக்க முடியாது, மக்களுக்காகப் பொறுப்பில் வைத்திருப்பவன் போலத்தான் நடக்க வேண்டும் என்ற வழியில் போனது. அதைக் கேட்டுப் போனவர்கள் அந்தப் பகுதியின் விவசாயிகள். இந்தியாவில் 1996இல், பெற்றோலியத் துறை அமைச்சர் ஒருவர் தன் விருப்பத்துக்குப் பதினைந்து பேருக்குக் கொடுத்த பெற்றோல் பங்குகளை அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் ரத்துச் செய்தது. எண்ணெய் விற்கும் உரிமை, கொடுப்பவர் வீட்டுச் சொத்து இல்லை என்று அப்போதே முடிந்த கதை இது.

ஏன் இப்போது திடீரென்று எல்லோரும் செட்டுக்குக் காணி தேடுகிறார்கள் என்றும் யோசியுங்கள். 2022 நெருக்கடிக்குப் பிறகு சட்டத்தைத் திருத்தி எரிபொருள் சில்லறை வியாபாரத்தை வெளிநாட்டுக் கம்பனிகளுக்கும் திறந்தார்கள். 2023இல் மூன்று கம்பனிகளுக்கு ஆளுக்கு 150 பழைய செட்டுகள், அதற்கு மேல் புதிதாக ஆளுக்கு 50 என்று பேசினார்கள். சந்தையில் ஆட்கள் கூடக் கூட, வீதியோரக் காணிக்கு விலை ஏறும், ‘முகப்பு’ என்ற சொல்லுக்கும் விலை ஏறும். இது நம் ஊரோடு முடியப் போவதில்லை. இன்றைக்கு நாங்கள் ‘பரவாயில்லை’ என்றால் அடுத்த ஊரிலும் அதே படத்தை அதே மாதிரிக் கீறுவார்கள்.

இனி பாடசாலை. சொல்லாமல் விட்டால் எங்கள் தொழிலுக்குத் துரோகம்.

படத்தில் நிலத்தடித் தாங்கிக்கு எண்ணெய் நிரப்பும் வாய் குறிக்கப்பட்டிருக்கிறது. அந்த இடத்திலிருந்து முதலாம் ஆண்டு வகுப்பறைச் சுவருக்கு நாங்கள் நாடா பிடித்து அளந்தோம். 21 மீற்றர். பவுசர் வந்து எண்ணெய் இறக்கும்போது தாங்கிக்குள் இருக்கும் ஆவி வெளியே தள்ளப்படும். பெற்றோல் ஆவி காற்றைவிடப் பாரம், மேலே பறந்து போகாது, தரையோடு தவழும். ஆறு வயதுப் பிள்ளையின் மூக்கு தரையிலிருந்து எவ்வளவு உயரம்? அந்த ஆவிக்குள் பென்சீன் இருக்கிறது, அது புற்றுநோயோடு சம்பந்தப்பட்ட பொருள் என்பது விஞ்ஞான ஆசிரியர் சொல்லித்தான் தெரிய வேண்டும் என்றில்லை.

இந்தியாவில் மத்திய மாசுக்கட்டுப்பாட்டு வாரியம் 2020 ஜனவரியில் ஒரு வழிகாட்டி வெளியிட்டது. புதிய செட், பாடசாலையிலிருந்தும் ஆஸ்பத்திரியிலிருந்தும் குடியிருப்புப் பகுதியிலிருந்தும் 50 மீற்றருக்கு அப்பால் இருக்க வேண்டும். இட நெருக்கடி என்றால் மேலதிகப் பாதுகாப்பு ஏற்பாடுகளோடு குறைக்கலாம், ஆனால் எந்தக் காரணத்துக்கும் 30 மீற்றருக்குக் குறையக் கூடாது. இந்தியச் சட்டம் இங்கே செல்லாது, அது எங்களுக்கும் தெரியும். ஆனால் அங்கே 30 மீற்றருக்குள் ஆபத்தான சாமான் இங்கே 21 மீற்றரில் அத்தராக மாறிவிடுமா?

தண்ணீரையும் பாருங்கள். நம் மண் கடற்கரை மணல். இரண்டு மூன்று மீற்றர் தோண்டினால் தண்ணீர். பாடசாலைக் கிணற்றிலிருந்து அந்தத் தாங்கிக் குழி கல்லெறி தூரம். நிலத்துக்குக் கீழே இருக்கும் தாங்கி கசிந்தால் முதல் நாள் யாருக்கும் தெரியாது. சுன்னாகத்தில் என்ன நடந்தது? கிணறுகளில் எண்ணெய் கலந்து, வழக்கு உயர் நீதிமன்றம் வரைக்கும் போய், 2019 ஏப்ரலில் மின்உற்பத்திக் கம்பனி 2 கோடி ரூபாய் நட்டஈடு கட்ட வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. வெற்றி என்கிறோம். மனு போட்டது 2015இல். அந்த நான்கு வருடமும் அந்த மக்கள் எங்கே தண்ணீர் அள்ளினார்கள் என்று யாழ்ப்பாணத்தில் தெரிந்தவர்கள் இருந்தால் கேட்டுப் பாருங்கள். அது மின்நிலையம், இது செட், அளவு வேறு. ஒத்துக்கொள்கிறோம். மணலுக்கும் சுண்ணாம்புக் கல்லுக்கும் ஒரு குணம் பொது: இரண்டும் மேலே ஊற்றியதைக் கீழே விட்டுவிடும்.

நாங்கள் காக்காவின் ஆட்கள் இல்லை. இதையும் வெளிச்சமாகச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் ‘அவர் வாங்கிக் கொடுத்த டீயைக் குடிச்சிட்டு எழுதுறாங்க’ என்று அடுத்த குரல் பதிவு வரும். காக்காவின் காணியில் பின்பக்கம் ஒரு பகுதி தோணாவை மூடி நிரப்பியது. மழைக்காலத்தில் அந்தப் பக்கத்து வீடுகளுக்குள் தண்ணீர் ஏறுவதற்கு அதுவும் ஒரு காரணம். அதை அவர் தன் மனுவில் சொன்னாரா என்று கேட்டோம். மழுப்பினார். ரிட் கேட்டுப் போகிறவர் முக்கியமான உண்மையை மறைத்தால், வழக்கு எவ்வளவு நல்லதாக இருந்தாலும் அதற்காகவே தள்ளுபடி ஆகலாம். அவர் முகத்துக்கு நேரே இதைச் சொன்னோம். அதிலிருந்து அவர் எங்களோடு பேசுவதில்லை. ஹாஜியார் ஏற்கனவே பேசுவதில்லை. ஆக, இந்த விசயத்தில் எங்களுக்கு டீ வாங்கித் தர ஊரில் யாரும் மிச்சமில்லை.

ஹாஜியாருக்கும் ஒரு வார்த்தை. பாடசாலைக்குக் கதிரை தந்தீர்கள், தண்ணீர்த் தாங்கி தந்தீர்கள், சுனாமிக்குப் பிறகு மதில் கட்டியதிலும் உங்கள் பங்கு இருக்கிறது. யாரும் மறக்கவில்லை. அந்த மதிலுக்குப் பக்கத்தில்தான் இப்போது தாங்கிக் குழி தோண்டப் போகிறீர்கள். உங்களுக்குப் பாலத்துக்கு இந்தப் பக்கம், பிரதான வீதியிலேயே இன்னொரு காணி வாங்கும் வசதி உண்டு. வாங்கி, திரும்பவும் எல்லோரோடும் சேர்ந்து போட்டியிட்டு எடுத்தால் திறப்பு விழாவுக்கு முதல் ஆளாக நாங்கள் வருவோம். இல்லையென்றால் மதில் கட்டிய நன்றிக்காக வாயை மூடச் சொல்லாதீர்கள்.

“சேர்மார் படிப்பிச்சிட்டுப் போங்க, இடமாற்றம் வந்தா தெரியும்” என்று சொன்னவருக்கும் பதில் சுருக்கமாக. நாங்கள் அரசாங்க ஊழியர்கள், அரசியல் பேசவில்லை. பெற்றோராக, ஒழுங்கையைப் பாவிப்பவர்களாக, எவருக்கும் கிடைக்கும் பத்திரங்களைக் கேட்டு எடுத்து, அதில் இருப்பதை எழுதுகிறோம். இடமாற்றம் வந்தால் போவோம். நாங்கள் போனாலும் 21 மீற்றர் 21 மீற்றர்தான்.

இனி வேலை. காக்காவின் மனு அவருடைய வியாபாரத்துக்கானது. அதில் பிள்ளைகளைப் பற்றி ஒரு வரி இருந்தாலும் அது அவருக்கு உதவும் அளவுக்குத்தான் இருக்கும். அவர் சமாதானம் ஆகிவிட்டால் அந்த வரியும் போய்விடும். ஆகவே பெற்றோர் சிலர் சேர்ந்து இடையீட்டு மனுவாக உள்ளே போக வேண்டும் என்பது எங்கள் கருத்து. கொழும்பில் உள்ள ஊர்ப் பிள்ளை ஒருவர், சட்டத்தரணி, காசு வாங்காமல் பார்க்க ஒத்துக்கொண்டிருக்கிறார். முத்திரை, போட்டோ பிரதி, பஸ் செலவு நம்முடையது. செட் ஒன்றுக்குச் சுற்றாடல் பாதுகாப்பு அனுமதிப்பத்திரமும் வேண்டும். அதைக் கேட்டு விண்ணப்பம் போயிருக்கிறதா, போயிருந்தால் எந்தக் காணிப் படத்தோடு போனது என்று இன்னொரு தகவல் கோரிக்கை எழுதி வைத்திருக்கிறோம். அதில் எங்கள் ஆறு பேரின் கையெழுத்து மட்டும் போதாது.

நில அளவைப் படத்தின் பிரதி, கடிதத்தின் பிரதி, பத்திரிகை விளம்பரம் மூன்றையும் எங்களிடம் பார்க்கலாம். வட்ஸ்அப்பில் போட மாட்டோம், வெட்டி ஒட்டிவிடுவார்கள். வருகிற சனிக்கிழமை அஸருக்குப் பிறகு பாடசாலை ஒழுங்கை வாசலில் நிற்போம். 30 மீற்றர் நாடா கொண்டு வருகிறோம். அந்த ஆட்டோக்காரச் சகோதரரையும் வரச் சொல்லியிருக்கிறோம், நாடாவின் மற்ற முனையைப் பிடிக்க அவர் சம்மதித்திருக்கிறார். ஹாஜியாரின் பிள்ளைகளும் வரலாம், அவர்களே பிடித்து அளந்தாலும் எங்களுக்குச் சம்மதம்.